மேற்கு மூலைத் தடம்

ஃபெர்ராரா
ஜூன் 24, 2018

வால்டர் மச்சானுக்கு,

செவ்வாய்க்கிழமை மாலை ஏழு மணி ஒன்பது நிமிடத்துக்கு எனக்குத் தகவல் வந்தது. சாலைக் காவலர் ஒருவர் பேசினார். "இலேனியா உங்க சம்சாரமா?" என்றார். ஆமாம் என்றேன். "உக்காந்திருக்கீங்களா?" என்றார். நின்றுகொண்டிருந்தேன். உட்கார்ந்திருப்பதாகச் சொன்னேன். மொத்தம் ஒரு நிமிடம் ஐம்பது விநாடி. அடுப்பில் பாஸ்தாவுக்கு வைத்த தண்ணீர் கொதித்துக்கொண்டிருந்தது. அதில் உப்பைப் போட்டுவிட்டுத்தான் அடுப்பை அணைத்தேன். ஏன் போட்டேன் என்று தெரியவில்லை.

உங்களுக்குப் போன் செய்யாமல் தாளில் எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. டென்னிஸ் சூதாட்டத்தை விசாரிக்கிற அலுவலகத்திலிருந்து கடிதம் வந்திருக்கிறது. இலேனியாவின் போனை ஜூலை 16 அன்று மிலானில் நேரில் ஒப்படைக்க வேண்டுமாம். என் போனின் அழைப்புப் பட்டியலையும் கேட்கலாம் என்று அடியில் ஒரு வரி. அதனால் நாம் பேசுவது எதுவும் எந்தப் பட்டியலிலும் ஏற வேண்டாம்.

அவள் நடுவராக உட்கார்ந்த கடைசி ஆட்டம் அன்று பிற்பகல் உங்கள் கிளப்பில், நீங்கள் பராமரிக்கிற செம்மண்ணில் நடந்தது. உங்கள் ஊர்ப் பையன் தொன்ஸெல்லி ஒரு பக்கம், அர்ஜென்டினாக்காரர் இரிபார்னே மறுபக்கம். மூன்றாவது செட், கடைசிப் புள்ளி. இரிபார்னே அடித்த பந்தைக் கோட்டு நடுவர் வெளியே என்று சொல்லவில்லை. தொன்ஸெல்லி மண்ணைக் காட்டினான். இலேனியா நாற்காலியை விட்டு இறங்கிப் போய், மண்ணில் இருந்த தடத்தைப் பார்த்து, வெளியே என்று விரலைத் தூக்கினாள். ஆட்டம் முடிந்தது. யாரோ அதை மெதுவாக ஓட்டி இணையத்தில் போட்டிருக்கிறார்கள். பந்து கோட்டின் மேல் விழுகிறது. அவள் காட்டும் தடம் கோட்டுக்கு வெளியே, இரண்டு விரல் தள்ளி. ஆட்டம் முடிவதற்குச் சற்று முன்னால் தொன்ஸெல்லி மேல் நிறையப் பேர் பந்தயம் கட்டியிருக்கிறார்கள். அந்த வீடியோவின் கீழே ஆயிரத்து நானூறு பேர் கருத்து எழுதியிருக்கிறார்கள். எல்லாவற்றையும் படித்தேன்.

விசாரணையில் அவள் குற்றவாளி என்று முடிவானால் தடை செய்யப்பட்டவர்கள் பட்டியலில் பெயரைப் போடுவார்கள். செத்தவர்கள் பெயரும் அதில் இருக்கிறது. யாருடையதையும் எடுத்ததில்லை.

எனக்கு இரண்டு விஷயம் புரியவில்லை. அவள் போனில் அன்று மாலை உங்கள் கிளப் எண்ணிலிருந்து மூன்று அழைப்புகள். 6:03, 6:09 இரண்டையும் அவள் எடுக்கவில்லை. 6:21-க்கு வந்ததை எடுத்து நான்கு நிமிடம் பன்னிரண்டு விநாடி பேசியிருக்கிறாள். ஆட்டம் முடிந்த நடுவரிடம் கிளப்பில் யாருக்கு என்ன பேச்சு?

இன்னொன்று. லாரி மோதியபோது அவள் கார் ஃபெர்ராரா பக்கம் பார்த்து நிற்கவில்லை. காஸ்தெல்ரோவோ பக்கம் பார்த்து நின்றது. வீட்டுக்கு வந்துகொண்டிருந்தவள் திரும்பியிருக்கிறாள். யாரைப் பார்க்க?

கல்லறை வாசலில் நான் உங்களிடம் கேட்டதை மறந்திருக்க மாட்டீர்கள். "அவ வாங்கினாளா மச்சான்?" என்று கேட்டேன். பாதிரியார் கண் முன்னால் என் சட்டைக் காலரைப் பிடித்தீர்கள். பதில் மட்டும் சொல்லவில்லை.

எனியா


காஸ்தெல்ரோவோ
ஜூன் 28

எனியா,

மாப்ளேன்னு கூப்பிட வாய் வரல. அதனால பேரச் சொல்லியே எழுதறேன். நான் பேனா புடிச்சு வருஷம் ஆச்சு. கையெழுத்து கோணலா இருந்தா சகிச்சுக்க.

கிளப்புல எட்டு போன் இருக்கு. ஆபீஸ்ல, பார்ல, உடை மாத்துற ரூம்ல, என் சாமான் கொட்டாய்ல. எதுலேர்ந்து பேசினாலும் ஒரே நம்பர்தான் விழும். போட்டி நடக்கற வாரத்துல வர்றவன் போறவன் எல்லாம் எடுத்துப் பேசுவான். யாரு பேசினாங்கன்னு என்னைக் கேட்டா நான் ஜோசியமா பாக்க முடியும்?

கார் எந்தப் பக்கம் பாத்து நின்னுச்சுன்னு கேக்கற. லாரி அடிச்சா கார் சுத்தாதா? ஆய்வகத்துல உக்காந்து மில்லிமீட்டர்ல நூறுல ஒரு பங்கு அளக்கற ஆளு நீ, இது தெரியாதா?

பந்தயம் கட்டினாங்கன்னா, ஊர்ப் பையன் ஜெயிக்கற மாதிரி இருந்தா ஊரே கட்டும். எங்க பாதிரியார் கட்டியிருந்தாக்கூட நான் ஆச்சரியப்பட மாட்டேன்.

இங்க பார்ல என்ன பேச்சு நடக்குதுன்னு உனக்குத் தெரியாது. நேத்து காலைல லோரிஸ், அதான் டயர் கடைக்காரன், நான் உள்ள வர்றதப் பாக்காம பார்ல காப்பி போடற ஒர்னெல்லாகிட்ட கேக்கறான்: "நடுவரம்மாவுக்குத் தங்கமா குடுத்தாங்களாம், இல்ல வீடா?" ஒர்னெல்லா கண்ணக் காட்டறா, அவனுக்குப் புரியல. "நம்ம ஊர்ல பொறந்த பொண்ணு, நம்ம பையனுக்குச் செஞ்சா என்ன தப்புங்கறேன்"னு வேற சேத்துக்கறான். அவன் காப்பிய எடுத்து அவன் மடியிலயே ஊத்தினேன். "ஐயோ, புது பேண்ட்டுய்யா"ன்னு கத்தினான். யாரும் சிரிக்கல.

நான் சொல்றதக் கேளு. அந்தப் போன ஆத்துல தூக்கிப் போடு. தொலைஞ்சு போச்சுன்னு சொல்லிடு. ஒரு மாசம் கத்திட்டு விட்டுடுவாங்க. செத்தவள எதுக்குக் கூண்டுல ஏத்தற?

வால்டர்


ஃபெர்ராரா
ஜூலை 2

மச்சானுக்கு,

போனை ஆற்றில் போடச் சொன்ன வரியை நான்கு முறை படித்தேன். ஒன்றும் இல்லாத போனை யாரும் ஆற்றில் போடச் சொல்ல மாட்டார்கள்.

கார் சுற்றவில்லை. டயர் தடங்களைக் காவலர்கள் அளந்திருக்கிறார்கள். அறிக்கையின் நகல் என்னிடம் இருக்கிறது. சாலையோரம் ஒரு பெட்ரோல் பங்கில் நிறுத்தி, திரும்பி, ஆறு கிலோமீட்டர் வந்தபிறகுதான் மோதல்.

சனிக்கிழமை பெர்கமோ பக்கம் இன்னொரு சிறிய போட்டிக்குப் போனேன். இரிபார்னே அங்கே தகுதிச் சுற்றில் தோற்றுவிட்டு, குளியலறைக் குழாயில் காலுறை துவைத்துக்கொண்டிருந்தார். முப்பத்து மூன்று வயது, உலகத் தரவரிசையில் இருநூற்று அறுபதோ என்னமோ. நான் யார் என்று சொன்னதும் ஈரக் கையைச் சட்டையில் துடைத்தார்.

"நான் அந்தம்மாவ ரொம்பக் கேவலமா திட்டினேன்ங்க. எங்கம்மா கேட்டிருந்தா பல்ல ஒடச்சிருப்பாங்க."

"அவ என்ன சொன்னா?"

"கோவமே படல. 'இங்க ஒரே தடம்தான் இருக்கு. வேற இருந்தா நீங்களே காட்டுங்க'ன்னாங்க. நான் மண்டி போட்டுத் தேடினேன். இல்ல. கோட்டுல விழுந்த பந்து தடம் விடாதுங்க, அது பிளாஸ்டிக் பட்டை. அங்க இருந்தது வெளிய இருந்த தடம் ஒண்ணுதான்."

"அப்ப அது எந்தப் பந்து?"

"அதான் எனக்கும் தூக்கம் வரல. அதுக்கு முன்னாடி மூணாவது செட்ல அந்த மூலைக்கு நாங்க ரெண்டு பேரும் ஒரு பந்துகூட அடிக்கல. ஒவ்வொரு செட் முடிஞ்சதும் பாய் இழுத்துப் பெருக்கறாங்க இல்ல? பெருக்கின மண்ணுல எங்கேர்ந்து தடம் வரும்? பேய் வந்தா விளையாடுது?"

பிறகு சிரிக்கப் பார்த்தார். முடியவில்லை. "நான் நிஜமாவே ஜெயிச்சிருந்தா ரெண்டாவது ரவுண்டு. அவ்வளவுதான். அதுக்கா இவ்வளவு?" என்றார்.

வீட்டுக்கு வந்து முழு ஆட்டத்தையும் மூன்று முறை பார்த்தேன். முதல் செட் முடிந்ததும் அந்தப் பக்கத்தில் இழுவைப் பாயை இழுக்க நாற்பத்தோரு விநாடி ஆகிறது. இரண்டாவது செட் முடிந்ததும் இருபத்தாறு. இழுத்தது நீங்கள். பாய் இழுக்கும்போது, பந்து விழுந்த மேற்கு மூலை கேமராவில் விழவில்லை. ஆட்டம் முடிந்ததும் ஒரு பார்வையாளர் எடுத்த புகைப்படத்தில் விழுந்திருக்கிறது. தளத்தின் மற்ற இடங்களில் உள்ள தடங்கள் வெளிறி, ஓரம் கலைந்து இருக்கின்றன. அந்த ஒன்று மட்டும் கருஞ்சிவப்பாக, அச்சுக் குத்தினதுபோல் இருக்கிறது. அதன் ஓரத்தில் மயிரிழை மாதிரி வெடிப்பு. ஈரமாக இருந்தபோது விழுந்து, பிறகு காய்ந்த மண் அப்படித்தான் வெடிக்கும்.

இதை வைத்து நான் இரண்டு விதமாக யோசிக்கிறேன். தடம் பழையது என்பது அவளுக்குத் தெரியாது என்பது ஒன்று. ஒன்பது வருஷம் மண்ணைப் படித்தவளுக்கு அது தெரியாமல் இருக்காது, தெரிந்தேதான் காட்டினாள் என்பது மற்றொன்று. பகலில் முதலாவதை நினைக்கிறேன். வீட்டுக்கு வந்ததும் இரண்டாவதுதான். அவளுடைய மேல்சட்டைப் பைகள், கைப்பை, துண்டுகளுக்கு நடுவில், எல்லா இடத்திலும் தேடிவிட்டேன். பணம் மட்டும் இல்லை, யாராவது ஒருவனின் பெயர் கிடைக்கும் என்றும் தேடினேன். கிடைத்ததெல்லாம் கூர் சீவின பென்சில்கள். அன்றைக்கு அவள் பையில் இருந்த காலுறைகளை யோசிக்காமல் துவைத்துவிட்டேன். தண்ணீர் சிவப்பாகப் போனது.

மேற்கு மூலையில் பாய் போனதா, இல்லையா?

எனியா


காஸ்தெல்ரோவோ
ஜூலை 5

ஏய்,

நீ யாரு, போலீஸா? விநாடி எண்ணுறியாம் விநாடி. இருபத்திரண்டு வருஷமா நான் இந்த மண்ணுல நிக்கறேன். விடியறதுக்கு முன்னாடி தண்ணி, மத்தியானம் தண்ணி, ஆட்டத்துக்கு ஆட்டம் பெருக்கல். உன் கருவிய வச்சு அளந்தா மண்ணுக்கு ஒரு நம்பர் வரும், அத வச்சு என் மேல கேஸ் போடுவியா?

அவ உன் பொண்டாட்டியா இருந்தது ஆறு வருஷம். எனக்குத் தங்கச்சியா இருந்தது முப்பத்தோரு வருஷம். அவ கைய நீட்டினாளான்னு பொணத்த வச்சுக்கிட்டு கேட்டவன் நீ. இப்ப எவனோ ஒருத்தன் பேரத் தேடறானாம் அவ துணியில. வெக்கமா இல்ல?

இனிமே எனக்கு எழுதாத.

வா.


ஃபெர்ராரா
ஜூலை 8

மச்சானுக்கு,

வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் எழுதுகிறேன்.

கேட்டதற்கு நீங்கள் பதில் எழுதவில்லை. பாய் போயிருந்தால் "போச்சு" என்று ஒரே வார்த்தையில் முடித்திருப்பீர்கள். கோபமாக ஒரு பக்கம் எழுதியிருக்கிறீர்கள்.

வெள்ளிக்கிழமை வேலையிடத்திலிருந்து கிளப்புக்குப் போன் போட்டேன். ஒர்னெல்லா எடுத்தாள். பெயர் சொல்லாமல், உங்கள் சாமான் கொட்டாய்ப் போனை யார் யார் பயன்படுத்துவார்கள் என்று கேட்டேன்.

"அதுவா? அங்க வால்டரத் தவிர வேற யாரு போவா? சாவி அவர் இடுப்புலல்ல தொங்குது. அந்த நாத்தம் புடிச்ச எடத்துக்கு நாய்கூடப் போகாதுங்க. நீங்க யாரு பேசறது?"

வைத்துவிட்டேன். இது சாட்சியம் ஆகாது என்று எனக்குத் தெரியும். எட்டுப் போனுக்கும் ஒரே எண்தான்.

பதினாறாம் தேதி போனை ஒப்படைக்கிறேன். மூன்று அழைப்பையும் அவர்கள் பார்ப்பார்கள். கிளப்பிலிருந்து யாரோ அவளோடு நான்கு நிமிடம் பேசினதும் அவள் காரைத் திருப்பியிருக்கிறாள், ஆகவே கூலி வாங்கத் திரும்பினாள் என்று எழுதிக்கொள்வார்கள். நானே அப்படித்தான் எழுதுவேன். அதற்கு மாற்றாகச் சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை.

யார் பேசினார்கள் என்று இனி கேட்கவில்லை. என்ன பேசினீர்கள்?

எனியா


காஸ்தெல்ரோவோ
ஜூலை 11

மாப்ளே,

மூணு தாள் கிழிச்சாச்சு. இது நாலாவது. கிழிக்கறதுக்குள்ள கவர்ல போட்டு ஒட்டிடணும்.

அன்னைக்கு மத்தியானம் ரெண்டாம் நம்பர் தளத்துல மேற்கு மூலைத் தண்ணிக் குழாய் மூடல. அடைப்பான் சிக்கிக்கிச்சு. நான் பாக்கறதுக்குள்ள குட்டை கட்டிடுச்சு. ஆட்டத்துக்கு முக்கா மணி நேரம்தான். மேல காஞ்ச செங்கல் தூளத் தூவி மூடிட்டேன். பாக்க நல்லா இருந்துச்சு. அடியில களி. போட்டிய நடத்தற சூப்பர்வைசர்கிட்ட சொல்லியிருந்தா தளத்த மாத்தியிருப்பாங்க. வருஷத்துக்கு ஒரே போட்டி, மொத நாளே என் தளம் சரியில்லன்னு சொல்லிக்க மனசு வரல.

ரெண்டாவது செட் முடிஞ்சு பாய் இழுக்கறேன். ஈர மண்ணுல பாய் போனா மண்ணு உருண்டை உருண்டையா ஒட்டிக்கிட்டு மேல் தோலே உரிஞ்சு வந்துடும். அப்புறம் பள்ளம். அதனால மூலை வந்ததும் பாயத் தூக்கி ரெண்டு அடி தாண்டிட்டேன். எங்க தொழில்ல எல்லாரும் செய்யறதுதான். ஆனா தூக்கினா, அங்க இருக்கற தடத்தக் கால்ல தேச்சு விடணும். அது கட்டாயம். கண்ண மூடிக்கிட்டுச் செய்வேன்.

அன்னைக்குச் செய்யல. தொன்ஸெல்லி அந்த செட்ட எடுத்துட்டான், ஊரே எழுந்து நின்னு கத்துது. நான் பாய்க் கயித்த இடுப்புல சொருகிக்கிட்டு, ரெண்டு கையாலயும் தட்டிக்கிட்டே நடந்து போயிட்டேன். கோட்ட மட்டும் விளக்குமாத்தால தள்ளினேன். அவ்வளவுதான் நடந்தது. கைதட்டினேன்.

பெருக்கின தளம்னு நம்பித்தான் அவ பாத்தா. பெருக்கின தளத்துல ஒரே ஒரு தடம் இருந்தா எந்த நடுவரும் அதத்தான் காட்டுவாங்க. அவ தப்பே பண்ணல மாப்ளே. அவ என்னை நம்பினா.

ஆட்டம் முடிஞ்சு மூலைய ஒட்டுப் போடப் போனேன். குனிஞ்சு பாத்ததும் புரிஞ்சுபோச்சு. நீ எழுதின அதே வெடிப்பு. கொட்டாய்லேர்ந்து போட்டேன். ரெண்டு தடவை எடுக்கல. மூணாவது தடவை, "இரு, ஓரமா நிறுத்திக்கறேன்"னா. பங்க்ல நிறுத்திட்டுத்தான் பேசினா. வண்டி ஓட்டிக்கிட்டுப் பேசல, அத நீ தெரிஞ்சுக்கணும்.

சொன்னேன். அப்புறம், "அண்ணே, சூப்பர்வைசர் கெளம்பிட்டாரா?"ன்னு கேட்டா. இன்னும் பார்லதான் இருக்காருன்னேன். "நான் திரும்பி வரேன். எழுதிக் குடுத்துடறேன். அந்த அர்ஜென்டினாக்காரர் பாவம், அவர்கிட்டயும் சொல்லணும்"னா. நான்தான் வேணாம்டின்னேன். "ஆட்டம் முடிஞ்சுபோச்சு, எவனும் மாத்த மாட்டான், எனக்கு வேலை போயிடும், பின்னாடி கிளப் குடுத்திருக்கற வீடும் போயிடும், நீ பாட்டுக்கு வீட்டுக்குப் போ"ன்னு கெஞ்சினேன். அதுக்கு அவ, "உன் பேர எடுக்க மாட்டேன்ணே. நான் பாத்தது தப்புன்னு மட்டும்தான் சொல்வேன். நீ மூஞ்சியக் கழுவிக்கிட்டு நில்லு"ன்னா. வச்சிட்டா.

நான் கழுவிக்கிட்டு நின்னேன். ஏழே கால் வரைக்கும் வாசல்லயே நின்னேன்.

உன் காலரப் புடிச்சது உன் மேல உள்ள கோவத்துல இல்ல. நீ இன்னொரு கேள்வி கேட்டிருந்தா நான் உடைஞ்சிருப்பேன். லோரிஸ் மடியில காப்பிய ஊத்தின அதே கையாலதான் அந்தத் தடத்தையும் அன்னைக்கே அழிச்சேன்.

இந்தக் கடுதாசிய என்ன வேணா பண்ணு.

வால்டர்


ஃபெர்ராரா
ஜூலை 16

மச்சானுக்கு,

இன்று பதினொன்றே காலுக்கு மிலானில் ஒப்படைத்தேன். போன், காவலர் அறிக்கை, புகைப்படம், உங்கள் கடிதம். கடிதத்தின் நகல் போதும் என்று அந்த அதிகாரியம்மா சொன்னார். அசலையே வைத்துக்கொள்ளுங்கள் என்றேன். வீட்டில் இருந்தால் நான் அதையும் அளந்துகொண்டிருப்பேன்.

அவர் இரண்டு முறை படித்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

"இதுல உங்க மச்சானுக்கு வேலை போயிடும். தெரிஞ்சுதான குடுக்கறீங்க?"

"தெரியும்."

"உங்க மனைவி அவர் பேர எடுக்க மாட்டேன்னு சொல்லியிருக்காங்களே."

"அது அவ அண்ணனுக்குக் குடுத்த வாக்கு. எனக்கு அவ ஒண்ணும் சொல்லல."

"மூலை ஈரமா இருந்தத மட்டும் சொல்லிட்டு, யாருன்னு சொல்லாம விட்டா?"

"நீங்க நம்புவீங்களா?"

யோசித்துவிட்டு, "மாட்டோம்" என்றார்.

வழியெல்லாம் யோசித்துவிட்டுத்தான் போனேன். பாதி வழியில் இருக்கிற மான்டுவா வரை கொடுக்க வேண்டாம் என்று இருந்தேன். பிறகு கொடுக்கலாம் என்று. அவள் காப்பாற்ற நினைத்த ஆளை நான் மாட்டிவிடுகிறேன். அவள் இருந்திருந்தால் இதற்காக என்னோடு ஒரு மாதம் பேசியிருக்க மாட்டாள். அதை ஏற்றுக்கொள்கிறேன். அவள் பெயர் அந்தப் பட்டியலில் ஏறுவதை மட்டும் ஏற்க முடியவில்லை.

உங்களுக்கு இன்னொன்று சொல்ல வேண்டும். நான் அவளைச் சந்தேகப்பட்டேன் என்று இதுவரை எழுதிவந்தேன். அது சரியான வார்த்தை இல்லை. இருபத்து நான்கு நாள் அவள் குற்றவாளி என்றே நான் நம்பினேன். கார் திரும்பின திசையை வைத்து ஒருவனை உருவாக்கினேன். அவனுக்கு உயரம் கொடுத்தேன், கார் கொடுத்தேன், அவன் பெட்ரோல் பங்கில் அவளுக்காகக் காத்திருந்தான். அவள் தலையணை உறையைக்கூட முகர்ந்து பார்த்தேன். அவள் அந்த நேரத்தில் ஒரு அந்நியரிடம் மன்னிப்புக் கேட்கத் திரும்பி வந்துகொண்டிருந்தாள். உங்கள் கடிதத்தைப் படித்தபிறகும் நான் அழவில்லை. காவலர் அறிக்கையை எடுத்து, பங்கிலிருந்து ஆறு கிலோமீட்டர் சரியாக வருகிறதா என்று பார்த்தேன். வந்தது. அதற்கப்புறம்தான் உட்கார்ந்தேன்.

முடிவு வர மூன்று வாரம் ஆகுமாம். கிளப்புக்கு இன்று மாலையே தெரிவித்துவிடுவார்கள். நீங்கள் என்னைக் கூப்பிடுவீர்கள், திட்டவோ அழவோ. இணையத்தில் அவளைப் பற்றித் தப்பாக எழுதினவர்களில் மூன்று பேர் என் ஆய்வகத்தில் வேலை செய்கிறவர்கள். அவர்களும் கூப்பிடுவார்கள், "எங்களுக்கு அப்பவே தெரியும், அவங்க அப்படிப்பட்டவங்க இல்ல" என்பார்கள். அதைக் கேட்டுவிட்டு "ஆமாம்" என்று நான் சொல்ல வேண்டியிருக்கும். அந்த ஆமாமைச் சொல்ல இப்போது என்னால் ஆகாது.

என் போனை அணைத்துவிட்டேன்.

எனியா